ஒரு பை ஆப்பிளும் ஓர் ஆப்பிள் பையும்

பாட்டிக்கு 84 வயது நிறைவதற்கு ஐந்து வாரம் இருந்தபோது, பிறந்தநாளுக்கு என்ன வேண்டும் என்று தொலைபேசியில் கேட்டேன். வழக்கமாக, "ஒன்னும் வேணாம்மா, நீ வந்தா போதும்" என்பார். இந்த முறை சற்று யோசித்துவிட்டு, "ஒரு ஆப்பிள் பை" என்றார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பெட்டாலிங் ஜெயாவிலிருந்து கிள்ளானில் உள்ள அம்மா வீட்டுக்குப் போனேன். கார் பின் இருக்கையில் ஒரு பை நிறைய சிவப்பு ஆப்பிள் இருந்தது.

பாட்டி பையைத் திறந்து பார்த்தார். பல் தெரியச் சிரித்தார். "இது ஒரு பை ஆப்பிள். நான் கேட்டது ஆப்பிள் பை. பங்களாவுல செய்வோமே, மாவுக்குள்ள ஆப்பிள வச்சு சுடுறது."

எனக்கு அப்போதுதான் புரிந்தது. அம்மா சிரிக்கவில்லை. பழங்களை எடுத்துக் குளிர்பெட்டியில் வைத்துவிட்டு, "இனிப்பு நீர் இருக்கிறவங்களுக்கு இதெல்லாம் எதுக்கு?" என்று மட்டும் சொன்னார்.

எங்கள் வீட்டில் ஆப்பிள் வாங்கும் வழக்கம் இல்லை. பப்பாளி, கொய்யா, வாழை, பருவத்தில் ரம்புத்தான். ஆப்பிள் ஏன் இல்லை என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை.

துரை வீட்டுக் குசினி

கோலசிலாங்கூர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில்தான் பாட்டி வளர்ந்தார், திருமணமானார், பிள்ளைகளைப் பெற்றார். 1960களில் முதலில் பால்மரம் வெட்டினார். பிறகு பெரிய துரையின் பங்களாவில் குசினி வேலைக்குப் போனார். பதினொரு ஆண்டுகள் அங்கே வேலை. வெள்ளைக்காரத் துரைசானிதான் கேக், புட்டிங், பை எல்லாம் சொல்லிக் கொடுத்தாராம். பாட்டிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அதனால் எல்லா அளவும் கையிலும் கண்ணிலும்தான்.

"ரெண்டு குவளை மாவுக்கு ஒரு குவளைக்குக் கொஞ்சம் கொறச்சலா வெண்ணெய். தண்ணி ஐஸ் மாதிரி இருக்கணும். கை சூடா இருந்தா கிட்டயே போகக்கூடாது. பேசுனபடி செஞ்சாலும் கெட்டுப்போயிரும்" என்றார்.

"பேசினால் ஏன் பாட்டி கெடும்?"

"பேச்சு சொகத்துல கை நிக்காது, பெசைஞ்சுக்கிட்டே இருக்கும்."

இந்த ஒரு வாக்கியத்தின் பொருள் எனக்கு விளங்க மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் ஆயின. பாட்டியின் கை இப்போது நடுங்குகிறது. ஒரு கண்ணில் பார்வையும் மங்கல். அவர் நாற்காலியில் உட்கார்ந்து சொல்ல, நான் செய்வது என்று முடிவானது. தீபாவளிப் பலகாரத்துக்காக அம்மா வாங்கி வைத்திருந்த ஓவன் இருந்தது. சமையலறை என்னிடம் வந்தது. அம்மா முன்கூடத்துக்குப் போய்விட்டார்.

முதல் ஞாயிறு: பலகை

நம் வீடுகளில் மாவு பிசையத் தெரியாத ஆள் குறைவு. சப்பாத்தி, பூரி, பரோட்டா என்று கை பழகியிருக்கும். அந்தப் பழக்கம்தான் என்னைக் கெடுத்தது.

கோதுமை மாவில் உள்ள புரதங்கள் தண்ணீரோடு சேரும்போது குளூட்டன் என்ற பிசின் போன்ற வலை உண்டாகிறது. பிசையப் பிசைய அது உறுதியாகும். ரொட்டி சானாய் போடுபவருக்கு அந்த வலை வேண்டும். பிசைந்து, எண்ணெயில் ஊறவைத்து, வலை தளர்ந்த பிறகு வீசினால்தான் மாவு கிழியாமல் துணி போல விரியும். ஆப்பிள் பையின் மேலோட்டுக்கு நேர்மாறான குணம் வேண்டும். வாயில் வைத்தால் பொலபொலவென்று உதிர வேண்டும். வலை வளர்ந்துவிட்டால் உதிராது, கடிக்க வேண்டியிருக்கும்.

நான் மென்மையாக இருந்த வெண்ணெயை மாவில் போட்டு, தண்ணீர் ஊற்றி, உருண்டை பளபளப்பாகும்வரை பத்து நிமிடம் பிசைந்தேன். பார்க்க அழகாக இருந்தது. பாட்டி விரலால் ஒருமுறை அழுத்திப் பார்த்தார்.

"நல்ல சப்பாத்தி மாவு" என்றார்.

சுட்டு எடுத்தபோது மேல் ஓடு பலகை. கத்தியை அழுத்தியதும் தட்டு மேசையில் நகர்ந்தது. பக்கத்து வீட்டுத் தம்பி மட்டும் மரியாதைக்காக இரண்டு துண்டு சாப்பிட்டான்.

இரண்டாம் ஞாயிறு: மேலே நல்லது, உள்ளே சாறு

அந்த வாரம் அலுவலகத்தில் மதிய இடைவேளைகளில் இதைப் பற்றியே படித்துக்கொண்டிருந்தேன். பாட்டி சொன்ன ஒவ்வொன்றுக்கும் காரணம் இருந்தது.

வெண்ணெயில் ஏறத்தாழ 80 விழுக்காடு கொழுப்பு. மீதியில் பெரும்பகுதி தண்ணீர். குளிர்ந்த வெண்ணெயைச் சிறு துண்டுகளாக மாவில் சேர்த்துத் தேய்க்கும்போது அவை தட்டையான செதில்களாகி மாவுக்கு இடையில் அடுக்கடுக்காக நிற்கும். சூடான ஓவனுக்குள் போனதும் செதில் உருகும். அதிலுள்ள தண்ணீர் ஆவியாகி மாவு அடுக்குகளைத் தூக்கும். அந்த இடைவெளியோடு மாவு வெந்து இறுகினால்தான் உதிரும் ஓடு கிடைக்கும். ஓவனுக்குப் போகுமுன்பே வெண்ணெய் உருகினால் மாவு அதைக் குடித்துவிடும். பிறகு தூக்குவதற்கு அடுக்கே இருக்காது.

சுழல் கறிபாப் செய்பவர்களுக்கு இது புதிதல்ல. தண்ணீர் மாவு, எண்ணெய் மாவு என்று இரண்டு பிசைந்து, ஒன்றை மற்றொன்றில் வைத்துச் சுருட்டுவார்கள். எண்ணெயில் பொரியும்போது ஓடு வரிவரியாக விரியும். மாவையும் கொழுப்பையும் முழுதாகக் கலக்க விடாமல் அடுக்காக வைப்பதே அங்கும் வேலை.

இங்கிலாந்தின் குளிர்ச் சமையலறையில் வெண்ணெய் தானாகக் கெட்டியாக இருக்கும். நம் சமையலறையில் நண்பகலில் 31, 32 டிகிரி. வெண்ணெய் அந்த வெப்பத்தில் குழைந்துவிடும். ஆகவே விடியற்காலையில் தொடங்கினேன். மாவையும் கிண்ணத்தையும் முந்தின இரவே குளிர்பெட்டியில் வைத்தேன். வெண்ணெயை ஃபிரீசரில் வைத்து, கேரட் துருவியில் துருவினேன். சப்பாத்திக் கட்டைக்குப் பதில், ஐஸ் தண்ணீர் நிரப்பிய கண்ணாடிப் புட்டியால் தேய்த்தேன். மாவு ஒட்டத் தொடங்கினால் அப்படியே தட்டோடு குளிர்பெட்டிக்குள் பத்து நிமிடம்.

பாட்டி தன் பங்குக்கு ஒன்று சொன்னார். பங்களாவில் மாவைத் தொடுமுன் இரண்டு கையையும் ஐஸ் கட்டி போட்ட தண்ணீரில் வைத்துக்கொள்வாராம். "விரல் மரத்துப்போற வரைக்கும். அப்புறம் தொடச்சிட்டு, நுனி விரலால மட்டும். உள்ளங்கை படக்கூடாது."

அந்த இரண்டாவது ஓடு நன்றாக வந்தது. பொன்னிறம், விரலால் தட்டினால் சத்தம். ஆனால் வெட்டியதும் உள்ளே ஆப்பிள் இல்லை. இனிப்பான கூழும், தட்டில் தேங்கிய சாறும்தான் இருந்தன. அடி ஓடு நனைந்து ஈரத் துணி போலக் கிடந்தது. நான் வாங்கிவந்த சிவப்புப் பழம் கையில் வைத்துக் கடித்துத் தின்ன நல்லது. சூட்டில் நிற்காது.

"கிராணி ஆப்பிள் வாங்கிட்டு வா. பச்சையா, புளிப்பா இருக்கும்" என்றார் பாட்டி.

கிராணி ஆப்பிள்

முன்கூடத்திலிருந்து அம்மாவின் குரல் வந்தது. "நான் சின்ன புள்ளையில அது கிராணிக்கு மட்டும் குடுக்கிற ஆப்பிள்னு நெனச்சேன்."

தோட்டத்தில் வளராத இளையவர்களுக்குச் சொல்ல வேண்டும்: கிராணி என்றால் தோட்ட அலுவலகத்தின் எழுத்தர். துரைக்கு அடுத்து தொழிலாளர்கள் பயந்தது அவருக்குத்தான். துரைசானி சொன்ன கிரானி ஸ்மித் என்ற பெயர் பாட்டியின் வாயில் கிராணி ஆப்பிளாகி, லயன் வீட்டுப் பிள்ளைகள் மனத்தில் கிராணியின் சொத்தாகிவிட்டது.

உண்மையில் அந்தப் பெயர் ஒரு பாட்டியுடையது. மரியா ஆன் ஸ்மித் இங்கிலாந்தில் பிறந்து ஆஸ்திரேலியாவில் குடியேறிய விவசாயக் குடும்பத்துப் பெண். சிட்னிக்கு அருகே ஈஸ்ட்வுட்டில் இருந்த தம் பழத்தோட்டத்தில் 1868 வாக்கில் புதுவகைக் கன்று ஒன்றைக் கண்டார். சமையலுக்குப் பிறகு வீசிய ஆப்பிள் மிச்சத்திலிருந்து அது முளைத்தது என்பது வழங்கிவரும் கதை. அவர் 1870இல் இறந்துவிட்டார். ஆப்பிள் விதையைப் போட்டால் தாய்மரத்தின் பழம் அப்படியே கிடைக்காது. ஒட்டுப்போட்டுத்தான் வகையைக் காக்க முடியும். அதனால் இன்று உலகெங்கும் காய்க்கும் கிரானி ஸ்மித் மரங்கள் எல்லாம், ஒட்டுக்கு மேல் ஒட்டாக, அந்த ஒரே கன்றின் வழி வந்தவை.

ஆப்பிள் பைக்கும் நீண்ட கதை உண்டு. பதினான்காம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்த இங்கிலாந்துச் சமையல் ஏட்டில் அதன் மூத்த வடிவம் இருக்கிறது. நல்ல ஆப்பிள், நல்ல வாசனைப் பொருள்கள், அத்தி, உலர்ந்த திராட்சை, பேரிக்காய், குங்குமப்பூ. சீனி இல்லை. அமெரிக்காவில் ஆப்பிள் பையைத் தங்கள் நாட்டு அடையாளமாகவே சொல்லிக்கொள்கிறார்கள். அங்கே 1796இல் வெளிவந்த அமீலியா சிம்மன்சின் சமையல் நூலிலேயே அதற்குக் குறிப்பு உண்டு. ஆனால் நாம் உண்ணும் ஆப்பிளின் மூதாதை மரம் கசக்ஸ்தான் மலைக்காடுகளைச் சேர்ந்தது. அங்கிருந்து ஐரோப்பாவுக்கும், கப்பலேறி அமெரிக்காவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் போய், கோலசிலாங்கூர்ப் பங்களாவுக்கும் வந்து சேர்ந்திருக்கிறது.

மூன்றாம் ஞாயிறு: தோல்

பச்சை ஆப்பிள் ஏழு வாங்கினேன். தோலைச் சீவி, குப்பைக்கூடையில் போடப்போனேன். பாட்டி கையை நீட்டித் தடுத்தார்.

"தோலப் போடாத. அதுலதான் கெட்டியாகிற சத்து இருக்கு."

பதினொரு ஆண்டுகள் பங்களாவில் எத்தனையோ ஆப்பிள் பை செய்திருக்கிறார் பாட்டி. முழுத் துண்டு ஒன்று அவர் தட்டுக்கு வந்ததே இல்லை. துரையின் விருந்தாளிகள் சாப்பிட்டு முடித்தால் தட்டில் ஓரம் ஏதாவது மிஞ்சும். அதை வாயில் போட்டுத்தான் உப்பு, இனிப்பு பார்த்திருக்கிறார். ஆனால் சீவிய தோலையும் நடுத்தண்டையும் வீட்டுக்கு எடுத்துப்போக துரைசானி அனுமதித்திருந்தார். வாழையிலையில் பொதிந்து கொண்டுவந்து, லயன் வீட்டு விறகடுப்பில் தண்ணீர் ஊற்றிக் கொதிக்கவைத்து, வடிகட்டி, சீனி போட்டு ஐந்து பிள்ளைகளுக்கும் ஆளுக்கொரு குவளை கொடுப்பாராம்.

நான் தோலை அடுப்பில் வைத்தேன். ஐந்து நிமிடத்தில் வீடு முழுதும் வாசனை.

அம்மா சமையலறை வாசலில் வந்து நின்றார். வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு என்னிடம் சொன்னார்: "பள்ளிக்கூடத்துல டீச்சர் ஆப்பிள் படம் காட்டி, யாரு சாப்பிட்டிருக்கீங்கன்னு கேட்டாங்க. நான் கை தூக்கினேன். எப்படி இருக்கும்னு கேட்டாங்க. வெந்நி மாதிரி இருக்கும்னு சொன்னேன். எல்லாரும் சிரிச்சாங்க."

பாட்டி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "எனக்கு அது தெரியாதே" என்றார்.

"நான் சொல்லலையே" என்றார் அம்மா.

எங்கள் வீட்டில் ஆப்பிள் ஏன் வாங்குவதில்லை என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக அம்மாவிடமே இருந்த சங்கதி. தோலைக் கொண்டுவந்தவருக்கு அது பிள்ளைகளுக்குக் கிடைத்த அதிர்ஷ்டம். குடித்த பிள்ளைக்கு அது வகுப்பில் பட்ட அவமானம். இரண்டும் ஒரே குவளையில்தான் இருந்திருக்கின்றன.

நான் சீனி டப்பாவை எடுத்தேன். அம்மா கரண்டியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார். "இப்ப போடாத. வடிகட்டின பெறகுதான் போடணும். கலங்கிப்போயிரும்." அவருக்குச் செய்முறை முழுதும் நினைவில் இருந்தது.

பாட்டி சொன்னதில் அறிவியல் இருக்கிறது. ஆப்பிள் தோலிலும் நடுத்தண்டிலும் பெக்டின் நிறைய உண்டு. ஜாம் கெட்டியாவதும் அதனால்தான். தோல் வெந்த நீரைச் சுண்டவைத்து ஆப்பிளோடு சேர்த்தால் சாறு ஓடாது. கூடவே மணமும் வரும். விதைகளை மட்டும் எடுத்துவிட வேண்டும்.

அன்றைய பை எல்லா வகையிலும் சரியாக இருந்தது. ஆனால் ஆவலில் சூட்டோடு வெட்டிவிட்டேன். சாறு ஓடியது. சூடாக இருக்கும்போது உள்ளே உள்ள சோள மாவும் பெக்டினும் இளகித்தான் இருக்கும், ஆறினால்தான் பிடித்துக்கொள்ளும். குறைந்தது மூன்று மணி நேரம் ஆற வேண்டும். பாட்டி இதைச் சொல்ல மறக்கவில்லை. நான்தான் கேட்கவில்லை.

அளவும் செய்முறையும்

பாட்டியின் குவளைக் கணக்கை நான் தராசில் வைத்துக் கிராமாக மாற்றிக்கொண்டேன். 23 செண்டிமீட்டர் அகலத் தட்டுக்கு இது சரியாக வரும்.

மேலோட்டுக்கு: கோதுமை மாவு 320 கிராம் (ஆட்டா வேண்டாம், வெள்ளை மாவுதான்), உப்பில்லாத வெண்ணெய் 225 கிராம், உப்பு ஒரு தேக்கரண்டி, சீனி ஒரு மேசைக்கரண்டி, ஐஸ் தண்ணீர் ஆறு முதல் எட்டு மேசைக்கரண்டி.

உள்ளே வைக்க: பச்சை ஆப்பிள் 7 (ஏறக்குறைய 1.2 கிலோ), சீனி 100 கிராம், எலுமிச்சைச் சாறு ஒரு மேசைக்கரண்டி, பட்டைத்தூள் அரைத் தேக்கரண்டி, ஜாதிக்காய் கால் தேக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு, சோள மாவு இரண்டு மேசைக்கரண்டி.

1. மாவு, உப்பு, சீனியைக் கலந்து, உறைந்த வெண்ணெயைத் துருவிச் சேர்த்து நுனிவிரலால் கிளறுங்கள். ஆங்காங்கே கொண்டைக்கடலை அளவில் வெண்ணெய் தெரிந்தால் நல்லது. ஐஸ் தண்ணீரை ஒவ்வொரு கரண்டியாகத் தெளித்து, கையில் பிடித்தால் சேரும் பதம் வந்ததும் நிறுத்துங்கள். பிசைய வேண்டாம். இரண்டு வட்டமாகத் தட்டி, மூடிக் குளிர்பெட்டியில் ஒரு மணி நேரமாவது வையுங்கள்.

2. ஆப்பிளைத் தோல் சீவி அரைச் செண்டிமீட்டருக்குச் சற்றுக் கூடுதலான கனத்தில் நறுக்குங்கள். எலுமிச்சைச் சாறு பட்டால் கறுக்காது. சீனி, பட்டை, ஜாதிக்காய், உப்புச் சேர்த்து ஒரு மணி நேரம் வைத்தால் சாறு இறங்கும். சாற்றை வடித்துக்கொள்ளுங்கள்.

3. தோலையும் விதை நீக்கிய நடுத்தண்டையும் இரண்டு குவளைத் தண்ணீரில் இருபது நிமிடம் கொதிக்கவிட்டு வடிகட்டுங்கள். வடித்த ஆப்பிள் சாற்றை இதனுடன் சேர்த்து, அரைக் குவளைக்கும் குறைவாகப் பாகு போலச் சுண்டும்வரை காய்ச்சி ஆறவிடுங்கள். ஆப்பிள், சோள மாவு, பாகு மூன்றையும் கலந்துகொள்ளுங்கள்.

4. ஓவனை 220 டிகிரி செல்சியசில் சூடாக்குங்கள். கீழ் அடுக்கில் வெறும் தட்டையான தகடு ஒன்றையும் உள்ளேயே சூடாக வையுங்கள். பைத் தட்டை அதன்மேல் வைத்தால் அடி ஓடு சீக்கிரம் வேகும், ஊறிப்போகாது.

5. ஒரு வட்டத்தைத் தேய்த்துத் தட்டில் விரித்து, ஆப்பிளை நிரப்பி, மற்றதால் மூடி, ஓரத்தை விரலால் கிள்ளி ஒட்டுங்கள். மேலே பால் தடவி, ஆவி போக நான்கைந்து கீறல் போடுங்கள்.

6. 220 டிகிரியில் இருபது நிமிடம். பிறகு 190 டிகிரிக்குக் குறைத்து மேலும் நாற்பது, நாற்பத்தைந்து நிமிடம். ஓரம் முன்னதாகச் சிவந்தால் அலுமினியத் தாளால் மூடுங்கள். கீறல் வழியே சாறு கெட்டியாகக் கொப்பளித்தால் வெந்துவிட்டது. மூன்று மணி நேரம் ஆறவிடுங்கள்.

பங்களாவின் விறகு ஓவனில் டிகிரி காட்டும் முள் இல்லை. ஒரு சிட்டிகை மாவை உள்ளே தூவி, அது சிவக்க எவ்வளவு நேரமாகிறது என்று எண்ணிப் பார்த்துத்தான் சூட்டைக் கணிப்பாராம் பாட்டி.

இனிப்பு நீர் பற்றி அம்மா எழுப்பிய கேள்வியைத் தள்ளிவிட முடியாது. எட்டுத் துண்டாக வெட்டினால் ஒரு துண்டில் ஏறத்தாழ 40 கிராம் மாவு, 28 கிராம் வெண்ணெய், 14 கிராம் சீனி. ஆப்பிளின் சொந்த இனிப்பு வேறு. புளிப்புப் பழம் என்பதால் சீனியைக் குறைத்தேனே தவிர, இது பத்திய உணவாகிவிடாது. அரைத் துண்டு, அந்த வேளை சோறு இல்லை என்று நானும் அம்மாவும் பாட்டியும் பேசி ஒப்புக்கொண்டோம்.

நான்காம் ஞாயிறு: பிறந்தநாள்

அதிகாலை ஐந்து மணிக்கு மாவைத் தேய்க்கத் தொடங்கினேன். அம்மா எனக்கு முன்பே எழுந்து தோலைக் கொதிக்கவைத்திருந்தார். எட்டரை மணிக்கு ஓவனிலிருந்து எடுத்து, ஜன்னலோரம் வைத்தோம். பன்னிரண்டு மணிவரை யாரும் தொடக்கூடாது என்று பாட்டி நாற்காலி போட்டுக் காவல் இருந்தார்.

மதியம் மாமா குடும்பம், சித்தி, பேரப்பிள்ளைகள் எல்லாரும் வந்துவிட்டார்கள். பாட்டிதான் வெட்ட வேண்டும் என்றோம். கத்தியைக் கையில் வாங்கியதும் அவர் முதுகு நிமிர்ந்தது. நடுக்கம் இருந்தாலும் எட்டுத் துண்டும் ஒரே அளவு. அதைப் பாதி பாதியாக்கி, ஒவ்வொன்றாகத் தட்டில் வைத்து, முதலில் மாமாவுக்கு, பிறகு மாப்பிள்ளைகளுக்கு, பிறகு பிள்ளைகளுக்கு என்று கொடுத்தார். கொடுத்து முடித்ததும் தட்டோடு இரண்டடி பின்னால் போய், சமையலறை வாசலில் சுவரோரமாக நின்றுகொண்டார். எல்லாரும் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

யாரும் அதைக் கவனிக்கவில்லை. நாங்கள் பார்த்துப் பழகிய காட்சிதான் அது. எங்கள் வீட்டுப் பெண்கள் பரிமாறிவிட்டு நிற்பது புதிதா? அம்மாதான் எழுந்தார்.

"வந்து உக்காருங்கம்மா."

"எல்லாரும் சாப்பிடட்டும்டி."

"இது பங்களா இல்லம்மா. உக்காருங்க."

பாட்டியை மேசையின் தலைப்பக்கத்தில் உட்காரவைத்து, அவருக்கான அரைத் துண்டை அம்மா முன்னால் வைத்தார். பாட்டி கரண்டியால் ஓட்டின் நுனியைத் தட்டிப் பார்த்தார். உடைந்தது. ஆப்பிளோடு சேர்த்து ஒரு வாய் எடுத்தார். மென்றார். கண்ணை மூடிக்கொண்டார். பேரப்பிள்ளைகள் எல்லாம் பேச்சை நிறுத்திவிட்டு அவர் வாயையே பார்த்தார்கள்.

"பட்டை கொஞ்சம் கூடிப்போச்சு" என்றார் பாட்டி. பிறகு, "மத்தபடி சரியா இருக்கு."

மாமாதான் முதலில் சிரித்தார். பின்பு எல்லாரும்.

(அன்று நான் போட்டது ஒரு தேக்கரண்டிப் பட்டைத்தூள். மேலே உள்ள அளவில் அரையாகக் குறைத்திருக்கிறேன்.)

அம்மா தன் துண்டைக் கடைசியாக எடுத்தார். முழுதும் சாப்பிட்டார். எப்படி இருக்கிறது என்று நான் கேட்டேன். "வெந்நி மாதிரி இல்ல" என்றார். பாட்டி மேசைக்குக் குறுக்கே கையை நீட்டி அம்மாவின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். இருவரும் அதற்கு மேல் அதைப் பற்றிப் பேசவில்லை.

நான்கு ஞாயிற்றுக்கிழமைகளில் ஏறக்குறைய ஒரு கிலோ வெண்ணெயும் மூன்று பலகைத் துண்டுகளும் வீணாயின. கடைகளில் ஆப்பிள் பை கிடைக்காமல் இல்லை. பாட்டி கேட்ட அன்றே ஒன்றை வாங்கிக்கொண்டு வந்திருக்கலாம். அப்படிச் செய்திருந்தால் தோல் சீவியிருக்க மாட்டேன். அம்மா வாசலில் வந்து நின்றிருக்க மாட்டார். உங்கள் வீட்டிலும் பெரியவர்கள் யாராவது முன்பு எங்கோ யாருக்கோ செய்துகொடுத்த ஒரு பண்டத்தைப் பற்றிப் பேசினால், ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்களை நாற்காலியில் உட்காரவைத்து, அவர்கள் சொல்லச் சொல்லச் செய்து பாருங்கள். முதல்முறை கெட்டுப்போனால் கவலை வேண்டாம். அடுத்த ஞாயிறு மறுபடி போக ஒரு காரணம் கிடைக்கும்.

சென்ற வாரம் கிள்ளானுக்குப் போனபோது தண்ணீர் எடுக்க அம்மாவின் குளிர்பெட்டியைத் திறந்தேன். கீழ்த் தட்டில், பப்பாளிக்குப் பக்கத்தில், ஐந்து பச்சை ஆப்பிள்கள் இருந்தன.